ஒரு சொடுக்கும் சாட்சியமே



அரையாண்டுத் தேர்வு முடிந்து பள்ளிகள் மூடப்படும் டிசம்பர் பிற்பகுதியில், பதின்ம வயதுப் பிள்ளைகள் உள்ள நம் வீடுகளில் கணினித் திரை இரவு நெடுநேரம் ஒளிர்ந்துகொண்டிருக்கும். அதே நாட்களில்தான் ஸ்டீம் என்னும் வீடியோ கேம் அங்காடியில் ஒரு தேர்தல் நடைபெறுகிறது. இதில் போட்டியிடுவோர் மனிதர்கள் அல்லர், விளையாட்டுகள். வாக்காளர் அட்டை வேண்டியதில்லை. வரிசையில் நிற்க வேண்டியதில்லை. விரலில் மை வைப்பாரும் இல்லை. கணக்கு ஒன்று இருந்தால் போதும். ஒரு சொடுக்கில் வாக்கு விழுந்துவிடும்.

பெற்றோரில் பலர் இதை அறியார். அறிந்தோரும், “விளையாட்டுக்குப் போய் விருதா? அதற்கொரு ஓட்டா?” என்று சிரித்துவிட்டு நகர்ந்துவிடுவர். அப்படி நகர்ந்துவிடலாகாது என்பதே நம் கருத்து. ஏனெனில், சட்டப்படி வாக்குரிமை பெறும் 18 வயதுக்கு முன்பே நம் பிள்ளைகளில் பலர் முதன்முதலாக வாக்களிக்கும் இடம் இதுவாகத்தான் இருக்கக்கூடும். ஒன்றைப் பற்றி நன்கு அறிந்து, எடைபோட்டு, மனத்தூய்மையோடு ‘இதுவே சிறந்தது’ என்று சொல்லும் பழக்கமும் இங்கே படியலாம். அறியாததைப் பற்றிக் கூசாமல் கருத்துச் சொல்லும் பழக்கமும் இங்கே படியலாம். எது படிகிறது என்பதில் நமக்கு அக்கறை இருக்க வேண்டாமா?

வீடியோ கேம் விளையாடுவது கூடுமா, கூடாதா என்ற விவாதத்தை இங்கே நாம் எடுத்துக்கொள்ளவில்லை. தொழுகையைப் பாழாக்காமல், சூதும் ஆபாசமும் கலவாமல், கடமைகளை மறக்கடிக்காமல் இருந்தால் பொழுதுபோக்குக்கு இடமுண்டு என்று கூறும் ஆலிம்களும் உள்ளனர். அறவே தவிர்ப்பது நலம் என்போரும் உள்ளனர். பிள்ளைகள் ஏற்கெனவே அந்த உலகில் இருக்கிறார்கள். அங்கே அவர்கள் எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பதையே இங்கே பேச விழைகிறோம்.

விருதுகளில் எத்தனை வகை?

மக்கள் வாக்களித்து விளையாட்டுகளுக்கு விருது வழங்கும் வழக்கம் புதியதன்று. பிரிட்டனில் கோல்டன் ஜாய்ஸ்டிக் விருதுகள் 1983ஆம் ஆண்டே தொடங்கிவிட்டன. பத்திரிகை வாசகர்கள் தேர்ந்தெடுத்த அந்த ஆண்டின் சிறந்த விளையாட்டு ‘ஜெட்பேக்’. இன்று அவ்விருதுகளுக்கான வாக்கெடுப்பு இணையத்தில் நடக்கிறது.

அமெரிக்காவில் ஜெஃப் கீலி 2014இல் தொடங்கிய ‘த கேம் அவார்ட்ஸ்’ வேறு முறையில் நடக்கிறது. பெரும்பாலான பிரிவுகளில் 100க்கும் மேற்பட்ட ஊடகங்கள் அடங்கிய நடுவர் குழுவின் முடிவுக்கு 90 விழுக்காடு மதிப்பு. பொதுமக்கள் வாக்குக்கு 10 விழுக்காடு. ‘பிளேயர்ஸ் வாய்ஸ்’ என்ற ஒரு பிரிவு மட்டும் முழுக்க முழுக்க மக்கள் வாக்கால் முடிவாகிறது. நடுவரும் மக்களும் வெவ்வேறு திசையில் பார்ப்பது இதில் வெளிப்படையாகத் தெரியும். 2020இல் நடுவர்களின் ஆதரவோடு ஆண்டின் சிறந்த விளையாட்டாகத் தேர்வானது ‘த லாஸ்ட் ஆஃப் அஸ் பார்ட் 2’. மக்கள் தேர்ந்தெடுத்ததோ ‘கோஸ்ட் ஆஃப் சுஷிமா’.

மூன்றாவது, நாம் முதலில் சொன்ன ஸ்டீம் விருதுகள். வால்வ் நிறுவனம் 2016இல் இவற்றைத் தொடங்கியது. இங்கே நடுவர் குழு என்று எதுவும் கிடையாது. நவம்பர் இறுதியையொட்டிப் பயனர்களே பெயர்களை முன்மொழிகிறார்கள். அதிலிருந்து ஒவ்வொரு பிரிவுக்கும் ஐந்து விளையாட்டுகள் இறுதிச் சுற்றுக்கு வருகின்றன. டிசம்பர் பிற்பகுதியின் விற்பனையின்போது வாக்குப்பதிவு நடக்கிறது. 2023இல் இத்தகைய பிரிவுகள் 11 இருந்தன. அதாவது இறுதிச் சுற்றில் 55 இடங்கள்.

இங்கே ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். பள்ளிக்கும் டியூஷனுக்கும் மதரஸாவுக்கும் போய்வரும் ஒரு பிள்ளை ஓராண்டில் எத்தனை விளையாட்டுகளை உள்ளும் புறமும் அறிந்திருக்க முடியும்? மூன்று? நான்கு? வாக்குச்சீட்டோ பதினொரு பிரிவுகளுக்கும் விடை கேட்கிறது. ஒரு விளையாட்டை வாங்கியிருக்க வேண்டும், விளையாடியிருக்க வேண்டும் என்ற நிபந்தனை இல்லை. முன்மொழியும் கட்டத்தில் எல்லாப் பிரிவுகளையும் நிரப்புவோருக்குக் கணக்குப் பக்கத்தில் ஒளிரும் ஒரு பதக்கச் சின்னம் வேறு வளர்கிறது. தெரிந்த மூன்றோடு நிறுத்துபவனுக்கு அந்தச் சின்னம் முழுமையடையாது. தெரியாத எட்டையும் ஊகத்தால் நிரப்புபவனுக்கு முழுமையடையும். சிக்கலின் வேர் இங்கேதான் இருக்கிறது.

2023இல் நடந்தது என்ன?

ஸ்டீம் விருதுகளில் ‘லேபர் ஆஃப் லவ்’ என்றொரு பிரிவு உண்டு. வெளியாகி ஆண்டுகள் பல கடந்த பின்னும் தங்கள் படைப்பைக் கைவிடாமல், பிழை திருத்தி, புதியன சேர்த்துப் பேணிவரும் உருவாக்குநர்களுக்கான பாராட்டு அது. விற்றுத் தீர்ந்ததும் வேலை முடிந்தது என்று கைகழுவாத உழைப்பாளிக்குத் தரப்படும் மாலை என்று சொல்லலாம்.

2021இல் அதை வென்றது ‘டெரேரியா’. 2011இல் ஒரு சிறு குழு வெளியிட்ட விளையாட்டு அது. பத்தாண்டுகளுக்கு மேலாக, மேற்கொண்டு காசு கேட்காமல், புதிய பகுதிகளை அக்குழு வழங்கிவந்தது. அதற்குக் கிடைத்த வாக்குகள் பொருத்தமான சாட்சியம் என்று எவரும் ஒப்புவர்.

2023இல் அதே விருதை வென்றது ‘ரெட் டெட் ரிடம்ப்ஷன் 2’. 2018இல் வெளியாகி, 2019இல் கணினிக்கு வந்த மாபெரும் படைப்பு. அதன் தரத்தில் குறை சொல்ல நாம் வரவில்லை. ஆனால் அந்நிறுவனம் அதற்குப் பெரிய புதுச் சேர்க்கைகள் வழங்குவதை ஏற்கெனவே நிறுத்திவிட்டிருந்தது. அதன் ரசிகர்களே அதுகுறித்துக் குறைபட்டுவந்தனர். ‘தொடர்ந்து பேணியமைக்காக’ என்ற விருது, பேணுவதை நிறுத்திய ஒன்றுக்குப் போய்ச் சேர்ந்தது. அதே ஆண்டு ‘மிகப் புதுமையான விளையாட்டு முறை’ என்ற விருது ‘ஸ்டார்ஃபீல்ட்’ என்ற விளையாட்டுக்குக் கிடைத்தது. அதே அங்காடியில் பயனர்கள் அதற்கு எழுதிய கருத்துரைகளோ, பழைய பாணியே மீண்டும் வந்திருக்கிறது என்ற குறையோடு கலவையாக இருந்தன.

இது எப்படி நேர்ந்தது? கேலிக்காகவே பலர் இப்படி வாக்களித்தனர் என்றொரு பேச்சு அப்போது அடிபட்டது. அறிந்த பெயரைக் கண்டதும் அதையே அழுத்திவிட்டனர் என்றும் சொல்லப்பட்டது. இரண்டில் எதுவாயினும் விளைவு ஒன்றே. அந்தப் பிரிவில் உண்மையாகவே உழைத்த ஒரு குழுவுக்குச் சேர வேண்டிய பெயர் அதற்குச் சேராமல் போயிற்று. யாருடைய பணமும் பறிபோகவில்லைதான். ஆனால் ஒருவருடைய உழைப்புக்கு உரிய சொல்லை இன்னொருவருக்குக் கொடுப்பதும் அளவையில் குறை செய்வதுதான். தராசில் மட்டுமா எடை குறைகிறது? நாவிலும் விரலிலும் எடை குறையத்தான் செய்கிறது.

வாக்கு என்பது சாட்சியம்

நாடாளும் தேர்தல்களைப் பற்றி எழுதிய முஃப்தி முஹம்மத் ஷஃபீ அவர்கள், வாக்கை மூன்று கோணங்களில் விளக்கினார்கள். அது ஒரு சாட்சியம். ‘இவர் தகுதியானவர்’ என்று நாம் சான்று பகர்கிறோம். அது ஒரு பரிந்துரை. அது ஒரு பிரதிநிதித்துவ ஒப்படைப்பும்கூட. விளையாட்டு விருதில் மூன்றாவதுக்கு வேலையில்லை. யாரும் நம்மை ஆளப்போவதில்லை. ஆனால் முதல் இரண்டும் அப்படியே பொருந்துகின்றன. ‘இதுவே இந்த ஆண்டின் சிறந்த கதை’ என்று அழுத்துபவன் சாட்சி சொல்கிறான். அதைப் பார்த்து இன்னொருவன் காசு கொடுத்து வாங்குகிறான் என்றால், அவன் பரிந்துரையும் செய்துவிட்டான்.

நமக்குத் தெளிவான அறிவில்லாத ஒன்றைப் பின்தொடர வேண்டாம் என்றும், செவியும் பார்வையும் உள்ளமும் விசாரிக்கப்படும் என்றும் பனூ இஸ்ராயீல் அத்தியாயம் நமக்கு நினைவூட்டுகிறது. நல்லதற்குப் பரிந்துரைப்பவருக்கு அந்த நன்மையில் பங்குண்டு, தீயதற்குப் பரிந்துரைப்பவருக்கு அதிலும் பங்குண்டு என்ற கருத்தை அந்நிஸா அத்தியாயத்தில் காண்கிறோம். பெரும் பாவங்களை எண்ணிச் சொல்லிக்கொண்டு வந்த நபி (ஸல்) அவர்கள், பொய்ச் சாட்சியத்தைக் குறிப்பிடும்போது சாய்ந்திருந்த நிலையிலிருந்து நிமிர்ந்து அமர்ந்து, அதைத் திரும்பத் திரும்பச் சொன்னார்கள் என்று ஹதீஸ் நூல்கள் பதிவுசெய்கின்றன.

நீதிமன்றத்தில் ஒருவரது உரிமையைப் பறிக்கும் பொய்ச் சாட்சியமும், திரையில் அறியாமல் அழுத்திய ஒரு சொடுக்கும் ஒரே தட்டில் வைக்கத்தக்கவை என்று நாம் சொல்லவில்லை. அப்படிச் சொன்னால் பெரியதன் கனத்தையும் நாம் குறைத்துவிடுவோம். ஆனால் பழக்கம் சிறியதில்தான் தொடங்குகிறது. எழுபது வயதில் ஜமாஅத் கூட்டத்தில் உண்மையைச் சொல்லத் துணியும் மனிதர், பதினைந்து வயதில் ‘எனக்குத் தெரியாது’ என்று சொல்லப் பழகியவராகவே இருப்பார்.

“எல்லாம் கேலிக்குத்தானே” என்று பிள்ளைகள் கேட்பார்கள். கேலி கூடாது என்று மார்க்கம் சொல்லவில்லை. நபி (ஸல்) அவர்கள் தோழர்களோடு நகைச்சுவையாகப் பேசியிருக்கிறார்கள். அப்போதும் உண்மையைத் தவிர வேறெதையும் சொன்னதில்லை. நகைச்சுவைக்கான அளவுகோல் அதுவே. ஸ்டீமின் முதல் விருதுகளில் ‘பண்ணை விலங்கைச் சிறப்பாகப் பயன்படுத்திய விளையாட்டு’ என்றுகூட ஒரு பிரிவு இருந்தது. வென்றது ஓர் ஆட்டைக் கதாநாயகனாக வைத்த ‘கோட் சிமுலேட்டர்’. அது சிரிப்பும் ஆயிற்று, உண்மையும் ஆயிற்று. பிறருடைய உழைப்பை மறைக்கும் கேலிக்கும் அதற்கும் உள்ள தொலைவைப் பிள்ளைகளே எளிதில் புரிந்துகொள்வார்கள்.

கூட்டத்தின் குரல்

தனியாக இருக்கும்போது நேர்மையாக இருப்பவனும், கூட்டத்தில் சேர்ந்ததும் மாறிவிடுகிறான். 2022ஆம் ஆண்டின் ‘பிளேயர்ஸ் வாய்ஸ்’ வாக்கெடுப்பு இதற்குச் சான்று. இறுதிச் சுற்றில் ‘சோனிக் ஃபிரான்டியர்ஸ்’ ரசிகர்களும் ‘கென்ஷின் இம்பாக்ட்’ ரசிகர்களும் எதிரெதிரே அணிவகுத்தனர். தானியங்கி நிரல்களைக் கொண்டு கள்ளவாக்குப் போடுவதாக ஒரு தரப்பு மறு தரப்பைக் குற்றஞ்சாட்டியது; ஏச்சுப் பேச்சுகள் பெருகின. முடிவில் வென்றது கென்ஷின். அதற்கு முந்தைய ஆண்டு வேறொரு பிரிவில் அது விருது வென்றபோது, அந்நிறுவனம் விளையாடுவோருக்கு விளையாட்டுக்குள் செலவழிக்கத்தக்க பரிசுகளை வழங்கியிருந்தது. ஆகவே, ‘வென்றால் நமக்கும் கிடைக்கும்’ என்ற பேச்சும் அந்த வாக்கெடுப்பில் கலந்திருந்தது.

இந்தச் சிறு நிகழ்ச்சியில் நாம் நன்கறிந்த இரண்டு நோய்களைக் காண்கிறோம். ஒன்று, ‘நம்மாள்’ என்பதற்காகவே ஆதரிக்கும் கூட்டவெறி. மற்றொன்று, கிடைக்கப்போகும் ஆதாயத்தை எண்ணி வாக்களிப்பது. நம் ஊர்த் தேர்தல்களில் வாக்குக்குக் காசு கொடுப்பதைக் கண்டு மனம் வெதும்புகிறோம். மார்க்க உரைகளிலும் அதைக் கண்டிக்கிறோம். அந்தக் கண்டிப்பு நம் பிள்ளைகளின் காதில் ஏறவேண்டுமானால், அவர்கள் உலகிலேயே அதற்கொரு சான்று காட்டவேண்டும். வாக்குக்கு இருநூறு ரூபாய் வாங்குவது என்றால் என்னவென்று அவர்களுக்கு இன்னும் தெரியாது. வாக்குக்கு ஒரு பதக்கச் சின்னம், ஒரு பரிசுக் கல் என்றால் உடனே தெரியும்.

எதைப் போற்றுகிறோம்?

அறிந்த விளையாட்டுக்கே வாக்களித்தாலும் இன்னொரு கேள்வி எஞ்சி நிற்கிறது. அது போற்றத்தக்கதா?

உள்ளே என்ன இருக்கிறது என்று தெரியாத பெட்டியைக் காசு கொடுத்துத் திறக்கச் செய்யும் முறை இன்று பல விளையாட்டுகளில் உள்ளது. ஆயிரம் பேர் திறந்தால் அபூர்வப் பொருள் ஓரிருவருக்கே வாய்க்கும். மற்றவர்கள் ‘இன்னொரு முறை’ என்று மறுபடியும் காசு போடுவார்கள். 2018இல் பெல்ஜியத்தின் சூதாட்ட ஆணையம் இத்தகைய கட்டணப் பெட்டிகள் அந்நாட்டுச் சூதாட்டச் சட்டத்தை மீறுவதாக அறிவித்தது. அது பெயர் சுட்டிய விளையாட்டுகளுள் ‘கவுன்டர்-ஸ்ட்ரைக்: குளோபல் அஃபென்சிவ்’ ஒன்று. அதே விளையாட்டு 2020இல் ஸ்டீமின் ‘லேபர் ஆஃப் லவ்’ விருதைப் பெற்றது. சூதை மார்க்கம் ஏன் விலக்கியது என்று பிள்ளைக்கு விளக்க, இதைவிட அவன் கைக்கு அருகே உள்ள எடுத்துக்காட்டு கிடைக்காது.

அந்த விளையாட்டு 2016இல் வென்ற இன்னொரு விருதின் பெயரும் நம்மைச் சிந்திக்க வைக்கிறது. ‘இன்னும் ஐந்தே நிமிடம்’ என்பது அந்தப் பிரிவின் பெயர். எழுந்திருக்க மனம் வராமல் நம்மைக் கட்டிப்போடும் விளையாட்டுக்கான பாராட்டு அது! மஃரிப் பாங்கு கேட்டும் எழாத பிள்ளையிடம் எந்த உம்மாவும் கேட்டுச் சலித்த சொல்லல்லவா இது? மனிதரில் பெரும்பாலோர் இழப்புக்குள்ளாகும் இரண்டு அருட்கொடைகள் உடல்நலமும் ஓய்வுநேரமும் என்று நபி (ஸல்) அவர்கள் கூறியுள்ளார்கள். நம் இழப்புக்கு ஒரு விருது வழங்கி, அதற்கு நம்மையே வாக்களிக்கவும் செய்கிறார்கள் என்றால், ஒரு கணம் நின்று யோசிப்பதில் தவறில்லை.

ஆகவே ‘எது என்னை அதிகம் கட்டிப்போட்டது’ என்பதும் ‘எது சிறந்தது’ என்பதும் ஒன்றல்ல என்று பிள்ளைகளுக்குப் பிரித்துக் காட்டுவோம்.

சிறியோரின் உழைப்பு

வாக்கெடுப்பின் இயல்பான குறை ஒன்றையும் இங்கே சொல்ல வேண்டும். எதைப் பலர் விளையாடினார்களோ அதுவே பல வாக்குகள் பெறும். விளம்பரத்துக்குக் கோடிகளைச் செலவிட்ட நிறுவனத்தோடு, நான்கைந்து பேர் சேர்ந்து செய்த விளையாட்டு எண்ணிக்கையில் போட்டியிட இயலாது.

நம் மொழியோடு தொடர்புடைய சான்று ஒன்று உண்டு. கனடாவின் டொராண்டோவைச் சேர்ந்த விசை கேம்ஸ் என்ற சிறு குழு 2023 ஜூலையில் ‘வெண்பா’ என்ற விளையாட்டை வெளியிட்டது. 1980களில் கனடாவுக்குக் குடியேறிய தமிழ்க் குடும்பம் ஒன்றின் கதை. தாயின் சிதைந்துபோன சமையல் குறிப்பேட்டைப் படித்து, விடுபட்டதை ஊகித்து, இட்லியும் புட்டும் பிரியாணியும் சமைத்தபடியே கதை நகர்கிறது. மகன் தாய்மொழியிலிருந்து விலகிப் போவதும், தாய் அதைத் தாங்கிக்கொள்வதுமே அதன் உயிர். வளைகுடாவிலோ லண்டனிலோ பிள்ளை வளர்க்கும் நம் குடும்பங்கள் எதுவும் அதைக் கண்டு நெகிழாமல் இரா. 2024இல் சுதந்திர விளையாட்டுகளுக்கான ஐ.ஜி.எஃப். விழாவின் தலையாய பரிசும், பாஃப்டாவின் சிறந்த அறிமுகப் படைப்புக்கான விருதும் அதற்குக் கிடைத்தன. இரண்டுமே நடுவர்கள் வழங்கியவை. எண்ணிக்கையால் மட்டுமே முடிவெடுக்கும் களத்தில் அதற்கு அந்த இடம் கிடைத்திருக்குமா என்பது ஐயமே.

பாலஸ்தீனத்தின் நாப்லுஸைச் சேர்ந்த ரஷீத் அபூஈதா 2016இல் வெளியிட்ட ‘லைலா அண்ட் த ஷேடோஸ் ஆஃப் வார்’ இன்னொரு சான்று. காஸாவின் மீதான 2014 போரில் ஒரு குடும்பம் படும் பாட்டைச் சொல்லும் சிறிய கைப்பேசி விளையாட்டு அது. ஆப்பிள் நிறுவனம் முதலில் அதை ‘விளையாட்டு’ என்ற பிரிவில் சேர்க்க மறுத்தது. மக்கள் எழுப்பிய குரலால் பின்னர் அம்முடிவை மாற்றிக்கொண்டது. 2021 நவம்பரில் ‘கால் ஆஃப் டியூட்டி: வான்கார்ட்’ விளையாட்டில் குர்ஆனின் பக்கங்கள் தரையில் கிடப்பதாக ஒரு காட்சி இருந்ததை விளையாடியவர்களே கண்டு சொன்னார்கள்; நிறுவனம் அதை நீக்கி அரபு மொழியில் வருத்தம் தெரிவித்தது. இவை இரண்டிலும் பயன் தந்தது விருது வாக்கு அல்ல. கண்டதைக் கண்டபடி, காரணத்தோடு சொன்ன பேச்சு.

ஆகவே, நல்ல விளையாட்டு ஒன்றுக்கு மெய்யாகவே உதவ விரும்பும் பிள்ளைக்கு வாக்கைவிடச் சிறந்த வழி ஒன்றைக் காட்டலாம்: கருத்துரை எழுதுவது. ஸ்டீமில் ஒரு விளையாட்டுக்குக் கூட்டு மதிப்பீடு தோன்றக் குறைந்தது 10 கருத்துரைகள் வேண்டும். அது கிடைக்காமல் கவனிப்பாரற்றுக் கிடக்கும் சிறு படைப்புகள் ஏராளம். பெருவாக்கெடுப்பில் நம் வாக்கு கடலில் துளி. அங்கேயோ பத்தில் ஒன்று. அதைவிட முக்கியமான வேறுபாடு ஒன்றும் உண்டு. கருத்துரையின் பக்கத்தில், எழுதியவர் அந்த விளையாட்டை எத்தனை மணிநேரம் விளையாடினார் என்பது அனைவரும் காணும்படி அச்சாகிறது. சாட்சியின் தகுதி சாட்சியத்தோடு சேர்ந்தே நிற்கிறது. வாக்கின் பக்கத்தில் அப்படி எதுவும் இல்லை. அங்கே நம் தகுதியை அறிந்தவர்கள் இருவர்தாம்: நாமும், நம்மைப் படைத்தவனும்.

வீட்டில் நாம் செய்யக்கூடியவை

தடுப்பதைவிடத் துணையிருப்பது நல்லது. டிசம்பரில் பிள்ளை வாக்களிக்கும் நாளில் அத்தாவோ உம்மாவோ கால்மணி நேரம் அருகில் அமரலாம். விளையாட்டின் பெயர்கள் நமக்கு விளங்காமல் போகலாம். கேட்க வேண்டிய கேள்விகள் நமக்கு நன்றாகவே தெரியும்.

முதல் கேள்வி: “இதை நீ விளையாடியிருக்கிறாயா?” விளையாடாத பிரிவை வெற்றாக விடுவதே ஒழுங்கு. பதினொன்றில் மூன்றுக்கு மட்டும் வாக்களித்த பிள்ளையைப் பாராட்டுவோம். பதக்கச் சின்னம் குறைந்துபோனதற்கு ஈடாக நம் பாராட்டு அவனுக்குக் கிடைக்கட்டும்.

இரண்டாவது: “இந்தப் பிரிவு எதற்கானது? அந்தத் தகுதி இதற்கு இருக்கிறதா?” பிடித்த விளையாட்டு என்பதற்காக எல்லாப் பிரிவிலும் அதையே அழுத்துவது நீதியன்று. இசை நன்றாக இருந்தால் இசைக்கு, கதை நன்றாக இருந்தால் கதைக்கு. தமக்கோ உறவினருக்கோ பாதகமாயினும் நீதியின் பக்கமே சாட்சி சொல்ல வேண்டும் என்ற குர்ஆனியக் கட்டளையின் சின்னஞ்சிறு பயிற்சி இது.

மூன்றாவது: “இதை உன் தம்பிக்கும் தங்கைக்கும் பரிந்துரைப்பாயா?” இந்தக் கேள்விக்குப் பிள்ளை தயங்கினால், அந்தத் தயக்கத்தைப் பற்றியே பேசலாம். சூதுப் பெட்டி, ஆபாசம், ஒரு சமூகத்தைக் கொடியவராகவே காட்டும் கதை ஆகியவற்றை நாம் பட்டியலிட வேண்டியதில்லை. பிள்ளையே சொல்வான்.

நான்காவது நமக்கானது. பிள்ளை சொல்லும் விடையைப் பொறுமையோடு கேட்க வேண்டும். ‘ஸ்டார்டியூ வேலி’ என்ற வேளாண் விளையாட்டை எரிக் பரோன் என்பவர் நான்கு ஆண்டுகளுக்கும் மேலாகத் தனியொருவராக உழைத்து 2016இல் வெளியிட்டார். படமும் இசையும் நிரலும் அவர் ஒருவரே. அதன்பின் பல ஆண்டுகளாக விலையின்றிப் புதிய பகுதிகளைச் சேர்த்தும் வருகிறார். இதை ஒரு பிள்ளை வியந்து சொன்னால், ‘வெட்டி வேலை’ என்று வெட்டிவிடாமல், செய்யும் செயலைச் செம்மையாகச் செய்வதை அல்லாஹ் விரும்புகிறான் என்ற நம் மார்க்கத்தின் பாடத்தை அங்கேயே தொட்டுக்காட்டலாம்.

நம் பிள்ளைகள் நாளை மஹல்லா நிர்வாகத்துக்கும், ஊராட்சிக்கும், சட்டமன்றத்துக்கும் வாக்களிக்கப் போகிறவர்கள். ஒரு பணிக்கு இருவரில் யார் தகுதியானவர் என்று சொல்லப் போகிறவர்கள். திருமணப் பேச்சில் ‘அந்தப் பையன் எப்படி?’ என்று கேட்கப்படும்போது பதில் சொல்லப் போகிறவர்கள். அன்றைக்கு அறிந்ததை அறிந்தவாறு சொல்லவும், அறியாததற்கு வாய்மூடி இருக்கவும் இன்றே பழகட்டும். அதற்கு ஒரு வாக்குச்சீட்டில் வெற்றாக விடப்பட்ட எட்டுக் கட்டங்கள் போதும்.

நம் நாவுகளையும் விரல்களையும் உண்மையின் பக்கமே நிலைநிறுத்துமாறு வல்ல இறைவனிடம் வேண்டுவோம். அவனே அனைத்தையும் நன்கறிந்தவன்.